பெட்டிக்குள் போன பேய்

அரியலூர் தியேட்டரில் இடைவேளை விட்டும் மணிமாறனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. பக்கத்து சீட்டு அம்மாவிடம் கேட்டான்.

“ஏங்க, பேய் எப்பங்க வரும்?”

“பேயா? இது மாமியா மருமவ படங்க. மூணாவது தடவையா பாக்குறேன், நீங்க வேற!”

வாசல் போஸ்டரில் பேய் பல்லைக் காட்டிக்கொண்டுதான் இருந்தது. ஆபரேட்டர் அறைக்கு ஓடினான்.

“கெணத்துலேருந்து பேய் வரணுமே, எங்கய்யா?”

ஆபரேட்டர் சாமிதுரை தகரப் பெட்டியைக் காட்டினார். “உள்ள இருக்கு சார். மொத நாள் பொம்பளைங்க பயந்து எந்திரிச்சுப் போயிட்டாங்க. வெட்டிட்டேன். அம்பது நாளா ஓடுது. காதல், சண்டை, சாமின்னு எல்லாப் படத்துலயும் கைவச்சிருக்கேன், ஒருத்தரும் கேட்டதில்ல.”

மணிமாறன் முறைத்தான்.

“மொதலாளிகிட்ட சொல்லிடாதீங்க சார், வேலை போயிடும்.”

“எனக்கும்தான் போயிடும். நானும் எல்லா ரகத்துலயும் கைவச்சவன்தான், மெட்ராஸ்ல. இந்தப் படத்துக்கு எடிட்டரே நான்தான்.”

சாமிதுரை தகரப் பெட்டியை அவசரமாக மேசைக்கு அடியில் தள்ளினார்.

“மத்த ஊர்லயெல்லாம் ஒரே வாரத்துல படத்தைத் தூக்கிட்டாங்க. இங்க மட்டும் எப்படி ஓடுதுன்னு பார்க்க நாளைக்குத் தயாரிப்பாளர் வராரு” என்ற மணிமாறன், கதவைச் சாத்திவிட்டுக் குரலைத் தாழ்த்தினான்.

“யார் வெட்டினதுன்னு கேட்டா, என் பேரைச் சொல்லிடுங்கண்ணே.”