பெண்ணைப் பெற்றவரின் வயது

மலைமேலிருந்த அந்தத் தியான மண்டபத்தில் மனம் அடங்கினால் வயதும் குறையும். மற்றவர்கள் வாரம் முழுக்கக் கண்மூடி உட்கார்ந்து, நாலைந்து நரைமுடியைக் கறுப்பாக்கிக்கொண்டு போனார்கள். கல்யாண அலைச்சலுக்குக் கொஞ்சம் தெம்பு வரட்டும் என்று மரகதவல்லி அனுப்பிவைத்த ஐம்பத்தெட்டு வயதுக் கணவர் நமச்சிவாயமோ, கூட்டிப்போக வந்த மனைவியின் முன் இருபத்தைந்து வயது வாலிபனாக வாசலுக்கு வந்தார். வீட்டில் எதைப் பற்றியும் யோசிக்காமல் உட்கார்ந்தே பழகியவருக்கு மனம் உடனே அடங்கிவிட்டதாம்.

"அட மனுஷா! நாளைக்குப் பொண்ணைத் தாரை வார்க்கணும். மாப்பிள்ளைக்குத் தம்பி மாதிரி வந்து நிக்கிறீங்களே!"

"நானா கேட்டேன்? நீதானே போகச் சொன்னே?"

"கவலைப்பட்டா வயசு தன்னால ஏறிடும்மா," என்றார் மண்டபத்து மேலாளர்.

பேருந்து கிளம்பியதும் மரகதவல்லி ஆரம்பித்தாள். சமையல்காரர் போனை எடுக்கவில்லை. பத்திரிகையில் பெயர் விட்டுப்போனதால் சம்பந்தியின் அண்ணன் வரமாட்டாராம். கல்யாண மண்டபத்தில் தண்ணீர் மோட்டார் ஓடவில்லை. ஒவ்வொரு கொண்டை ஊசி வளைவிலும் நமச்சிவாயத்தின் காதோரம் நரை ஏறியது.

நாற்பது வயது முகம் வந்தபோது அவள் ஏறிட்டுப் பார்த்தாள். ஆள் நன்றாகத்தான் இருந்தார்.

"அப்புறம்?" என்றார் அவர் பயந்தபடி.

"அவ்வளவுதான், வேற ஒண்ணுமில்ல," என்ற மரகதவல்லி, கைப்பையிலிருந்து பவுடரை எடுத்துத் தன் முகத்தில் ஒற்றிக்கொண்டாள்.