நானூற்றுப் பன்னிரண்டு திரும்பியது

பன்றிக்குட்டியின் தோல் பொன்னிறமாக மாறியதும், ரிம்மா அடுப்பின் கதவைச் சாத்திவிட்டு உதட்டுக்குச் சாயம் பூசிக்கொண்டாள். சாயம் பூசி வெகுநாளாகியிருந்தது.

கம்சாத்காவின் அந்தக் கடற்படைத் தளத்தில் இது மாறாத வழக்கம். நீர்மூழ்கி ஒன்று நெடும்பயணம் முடிந்து திரும்பினால், வறுத்த முழுப் பன்றிக்குட்டியோடு துறையிலேயே வரவேற்பார்கள். ரிம்மா வேலை செய்யும் தளத்துச் சமையலறைக்கு உத்தரவு வந்துவிட்டால் படகு வாசலுக்கு வந்துவிட்டது என்று அர்த்தம்.

எந்தப் படகு என்று மட்டும் சொல்ல மாட்டார்கள். அமெரிக்க விமானங்கள் மேலே பறந்து, நிற்கிற படகுகளின் எண்களைப் படம் பிடித்து, எது திரும்பியது எது திரும்பவில்லை என்று கணக்கெடுத்துக்கொண்டு போகிற ஊர் அது. அதனால் அங்கே முட்டைக்கோஸ் சூப்புகூட ராணுவ ரகசியம்.

ரிம்மாவுக்குச் சொல்ல வேண்டியதே இல்லை. தளத்திலிருந்து போய் இன்னும் திரும்பாதது ஒன்றே ஒன்றுதான், நானூற்றுப் பன்னிரண்டு. அவள் கணவன் ஆர்க்காதி அதில் டீசல் மெக்கானிக்.

வரவேண்டிய நாள் எப்போதோ கடந்துவிட்டது. கேட்கப் போன மனைவிமார்களிடம், பயணம் நீட்டிக்கப்பட்டிருக்கிறது என்று கட்சி அதிகாரி குரோயேதவ் சுவரைப் பார்த்துச் சொன்னார். படகு மூழ்கிவிட்டது என்று ஊருக்குள் கிசுகிசுத்தவர்களை ரிம்மா வாய்க்கு வந்தபடி ஏசினாள்.

அதிகம் ஏச்சு வாங்கியவள் பக்கத்து வீட்டுக் கிளாவா. அவள் கணவன் ஸவேலி அதே படகில் சமையல்காரன். கிளாவா எப்போதோ நம்பிக்கையை விட்டுவிட்டாள். அவன் சட்டைகளையெல்லாம் அக்கம்பக்கத்தில் கொடுத்துவிட்டு, தாய்வீட்டுக்குப் போகப் பெட்டி கட்டிக்கொண்டிருந்தாள்.

ரிம்மா மூச்சிரைக்க ஓடிப்போய் அவள் தலையிலிருந்த கறுப்புத் துணியை உருவி எறிந்தாள்.

"அடியே, உன் புருஷன் உயிரோட வர்றான். நீ அவன் சட்டையைத் தானம் பண்ணிட்டு உக்காந்திருக்க. மாத்துத் துணி கேட்டா என்னடி கொடுப்ப?"

கிளாவா எழுந்திருக்கவில்லை. "எனக்கு ஆசை காட்டாத, ரிம்மா. இப்பத்தான் அழுது முடிச்சிருக்கேன். இன்னொரு தடவை என்னால முடியாது."

ரிம்மா விடுகிற ஆளா? பன்றிக்குட்டி வந்ததைச் சொன்னாள், வெளியே போன படகு வேறு எதுவும் இல்லை என்பதைச் சொன்னாள், அவள் உதட்டிலும் சாயத்தை இழுத்துவிட்டாள். சொல்லச் சொல்லக் கிளாவாவின் முகத்தில் உயிர் வந்தது. அதைப் பார்க்க ரிம்மாவுக்கே பெருமையாக இருந்தது.

பெண்களைத் துறைக்குள் விடக்கூடாது என்று அன்று உத்தரவு. ஆனால் தட்டு கனமானது, தூக்க இரண்டு பேர் வேண்டும். காவலாளி பன்றிக்குட்டியை மோந்து பார்த்துவிட்டு வழிவிட்டான்.

மூடுபனி விலகியது. அலைகளின் அடி தாங்காமல் நசுங்கி, உடம்பெல்லாம் துருவும் உப்பும் ஏறி, கிழட்டு மாடு போல ஒரு நீர்மூழ்கி துறைக்குள் வந்தது. அதன் கோபுரத்தில் பளிச்சென்று வெள்ளையாக நானூற்றுப் பன்னிரண்டு.

எண்ணைக் கிளாவாவும் படித்தாள். தட்டைக் கீழே வைத்துவிட்டு, அந்த இடத்திலேயே உட்கார்ந்து சிரித்தாள், அழுதாள், ரிம்மாவின் கையைப் பிடித்து முத்தமிட்டாள். "நீ மட்டும் இல்லேன்னா நான் ரயிலேறியிருப்பேன்டி" என்றாள்.

பேண்டு வாத்தியம் முழங்கியது. மாலுமிகள் மேல்தளத்தில் வரிசையாக வந்து நின்றார்கள். மாதக்கணக்கில் வளர்ந்த தாடியில் எல்லா முகமும் ஒரே முகமாகத்தான் இருந்தது. ரிம்மா ஆர்க்காதியின் அகன்ற தோள்களைத் தேடினாள்.

தூரத்தில் நின்ற குரோயேதவ் இரண்டு பெண்களையும் பார்த்துவிட்டார். அவர் முகம் வெளுத்தது. யார் இவர்களை உள்ளே விட்டது என்று காவலாளியைத் திட்டிக்கொண்டே வேகமாக நடந்து வந்தார். நல்ல நாளிலும் இந்த மனுஷனுக்குச் சிடுசிடுப்புத்தான் என்று ரிம்மா நினைத்துக்கொண்டாள்.

வெள்ளை ஏப்ரன் கட்டிய ஒருவன் பன்றிக்குட்டியை வாங்கிக்கொள்ளப் பலகைப்பாலத்தில் இறங்கி வந்தான். கிளாவா ஒரே ஓட்டமாக ஓடி அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டு, தாடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள்.

அவன் திகைத்துப்போய்க் கைகளை விரித்துக்கொண்டு நின்றான். பிறகு மெல்லச் சிரித்தான். "இப்படி வரவேற்பு கிடைக்கும்னா இன்னும் சீக்கிரமே வந்திருப்போமே" என்றான். கிளாவா அந்தக் குரலைக் கேட்டதும் பின்வாங்கினாள். அவள் உதட்டுச் சாயம் அவன் தாடியில் ஒட்டியிருந்தது.

சமையலுக்கு ஆள் மாற்றியிருப்பார்கள் என்று ரிம்மா தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். ஸவேலி எங்கே என்று கேட்டாள். அவன் உதட்டைப் பிதுக்கினான். டீசல் மெக்கானிக் ஆர்க்காதி எங்கே என்று கேட்டாள்.

"அப்படி யாரும் எங்க படகுல கிடையாதே. நாங்க வேற தளத்துலேர்ந்து வர்றோம்."

"இது நானூத்திப் பன்னெண்டுதானே?" ரிம்மா கோபுரத்து எண்ணைக் காட்டினாள். பக்கத்தில் கிளாவா இன்னும் மேல்தளத்தைப் பார்த்து, ஒவ்வொரு தாடியாக ஸவேலி, ஸவேலி என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தாள்.

ஏப்ரன்காரன், நெருங்கி வந்துகொண்டிருந்த குரோயேதவை ஓரக்கண்ணால் பார்த்தான். தட்டைத் தூக்கக் குனிகிறவன் போலக் குனிந்து, தாழ்ந்த குரலில் சொன்னான்:

"முந்தாநாள் வரைக்கும் எங்க படகுக்கு வேற நம்பர், அக்கா."