மாடியறைக்கு வந்த வரி

ஒரு மாதம் யாரும் தூங்காத அறைக்கு இரட்டை வரி என்ற சட்டத்தைத் தென்காசிப் பக்கத்துச் சிறு நகராட்சி ஒன்றில் வீடில்லாதவர்களுக்காகப் போராடிக் கொண்டுவந்தவர் வழக்கறிஞர் திருவுடையான். அறைச் சுவர்களில் பதித்த கருவிகளே நகராட்சிக்குத் தகவல் சொல்லிவிடும். முதல் மாதமே அவர் வீட்டு மாடியறை மாட்டிக்கொண்டது. நிலவில் வேலை பார்க்கும் மகள் பூங்கோதையின் அறை அது. அவள் போன பிறகு அங்கே தலையணை உறையைக்கூட அவர் மனைவி பகவதி மாற்றியதில்லை.

"மாசம் ஒரு ராத்திரி அங்க போய்ப் படுத்துக்கோங்க மதினி. தெருவே அப்படித்தான் சமாளிக்குது," என்று சிரித்தாள் பக்கத்து வீட்டு மாரிச்செல்வி.

பகவதிக்குச் சுருக்கென்றது. "அவுக சட்டத்த நானே ஏமாத்தவா?"

மறுநாள் மாலை திருவுடையான் தயங்கியபடி வந்தார். "பகவதி, பிள்ளைங்க அறைக்கு மட்டும் விலக்கு கேட்டு நாளைக்கு நகராட்சிக் கூட்டத்துல பேசப்போறேன். உனக்காகத்தான்."

"வாயத் திறந்தீங்கன்னா பாருங்க! ரூமை ஆஸ்பத்திரி நர்சுப் பொண்ணுக்கு விட்டாச்சு. வீடு கிடைக்காம வார்டுலயே தூங்கிட்டு இருந்திருக்கா. பூங்கோதையும் 'கொடும்மா'ன்னுட்டா."

கணவரின் கறுப்புக் கோட்டை வாங்கி ஆணியில் மாட்டினாள் பகவதி.

"நாளைக்குக் கூட்டத்துக்கு நானும் வாரேன். வக்கீல் வீட்டு அறை காலியான்னு எவனாவது கேக்கட்டும்!"