கிளறாமல் வேக வைக்கவும்

"இன்னும் ஒரு மணி நேரத்துல பெரியவர் வர்றார். வெறும் டீ கொடுத்தா என் பதவி உயர்வுல கையெழுத்துப் போடுவாரா?" நேற்றுதான் மாற்றலாகி வந்த எழுத்தர் கையைப் பிசைந்தார்.

"பழக் காப்ளர்னு ஒரு வெள்ளைக்கார இனிப்பு, அதைச் செஞ்சு அசத்துங்க சார்," என்றான் பின்னறை ஆள். "அலமாரியிலேயே எல்லாம் இருக்கு. மைதா, சர்க்கரை, பேக்கிங் பவுடர், பால்பவுடரைத் தண்ணில கரைச்சு, உருக்கின வெண்ணெய்ல ஊத்துங்க. மேல டப்பாப் பழத்தைக் கொட்டுங்க. கிளறவே கூடாது. எதிர் பேக்கரி அடுப்புல முக்கால் மணி நேரம்."

"நீயே வந்து செய்யேன்ப்பா."

"நான் எங்க சார் வர்றது? சொல்றேன், செய்யுங்க."

"டப்பாவுல ஏதோ நம்பர் சீட்டு ஒட்டியிருக்கே?"

"கிழிச்சுப் போடுங்க. பழத்துக்கு எதுக்கு நம்பர்?"

பெரியவர் மூன்று தட்டு காலி செய்தார். ஏப்பம் விட்டுக்கொண்டே கையெழுத்துப் போடப் பேனாவைத் திறந்தார்.

"பிரமாதம்யா! முதல்ல அந்த மளிகைக்கடைத் திருட்டுல கைப்பற்றின சரக்கை எடுத்துட்டு வாங்க. நாளைக்குக் கோர்ட்டுல காட்டணும்."

எழுத்தர் காலித் தட்டைப் பார்த்தார்.

பின்னறை லாக்கப் கம்பிகளுக்கு நடுவே ஒரு கை நீண்டது.

"சார், ஆதாரம் மிச்சமிருந்தா எனக்கும் ஒரு கரண்டி!"