பின்பாதி

மதலேனம்மா மன்னாரிலிருந்து படகில் வந்தவர். கணவர் சந்தியாப்பிள்ளை அடுத்த படகில் வருவதாக இருந்தது. எண்பத்தைந்தில் மானாம்பதி பக்கத்து அகதி முகாமைப் பற்றி நாங்கள் ஆவணப்படம் எடுத்தோம். நான் ஒலிப்பதிவாளன்.

ஜெபமாலையில் ஒருவர் முன்பாதி சொல்ல, மற்றவர் பின்பாதி சொல்ல வேண்டும். மாதா கோயிலில் தனியாக மண்டியிட்ட மதலேனம்மா முன்பாதியை மட்டும் சொல்லிவிட்டுப் பேசாமல் இருந்தார். மாலையின் ஒவ்வொரு மணிக்கும் அப்படியே. டேப் வீணாகிறதே என்று எனக்கு எரிச்சல்.

“முழுசாச் சொல்லுங்களேன் அம்மா.”

“மற்றது அவர்ட பங்கு, தம்பி. வந்து சொல்லுவார்.”

மதலேனம்மா முகாமுக்குத் திரும்பியபின் காலிக் கோயிலின் அமைதியைத் தனியாகப் பதிவு செய்தேன். படத்தொகுப்பில் வெட்டிய இடங்களை ஒட்ட அது வேண்டும். கோயிலைப் பூட்டச் சாவியோடு காத்திருந்த உள்ளூர்ப் பெண் பாக்கியமேரி சிரித்தாள்.

“உள்ள யாருமே இல்ல. இன்னாத்த சார் புடிச்சிக்கினு கீறீங்க?”

ஹெட்போனில் காக்கைகளும் தூரத்துப் பம்புசெட்டும்தான் கேட்டன.

முகாமில் அந்த டேப்பை ஓடவிட்டபோது மதலேனம்மா எனக்கு டீ ஆற்றிக்கொண்டிருந்தார். காக்கைகள், பம்புசெட். பிறகு ஓர் ஆண்குரல் பின்பாதியைச் சொன்னது. முன்பாதிக்கு உண்டான நேரம் பேசாமல் இருந்தது. மறுபடி பின்பாதியைச் சொன்னது.

மதலேனம்மா யாரென்று கேட்கவில்லை. டம்ளரைக் கீழே வைத்துவிட்டு, டேப் முடியும்வரை நின்றார்.

அன்று சாயந்திரம் கோயிலில் இரண்டு பாதியையும் அவரே சொன்னார். நடுவில் எங்கும் நிறுத்தவில்லை.