சிக்ஸர் விழுந்த பக்கம்

இவருடைய போனைத் தரச் சொன்னேன். மறுபேச்சில்லாமல் தந்துவிட்டார். அதுவே எனக்கு ஆச்சரியம்.

வாங்கி, சமையலறை மேசையில் என் கண் முன்னால் கவிழ்த்து வைத்தேன்.

யாழ்ப்பாணத்தில் என் கணவர் ஆனந்தராஜா படித்த கல்லூரிக்கும் எதிர்க் கல்லூரிக்கும் மூன்று நாள் கிரிக்கெட். இன்று கடைசி நாள். விளையாடுவது என்னவோ பள்ளிக்கூடப் பிள்ளைகள். இணைய வானொலியில் வர்ணனை வருகிறது என்றால் போதும், லண்டனில் தலை நரைத்ததுகள் எல்லாம் விடியப்புறமே எழும்பி, அதைக் காதில் வைத்துக்கொண்டு துள்ளும்.

போன வருஷம் இவரும் அப்படித்தான் துள்ளினார். கடைசி விக்கெட் விழுந்து கல்லூரி தோற்றதும் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சோபாவில் சரிந்தார். ஆம்புலன்ஸ், ஆஸ்பத்திரி, இதயக் குழாயில் ஸ்டென்ட். அந்த வாசலில் நான் நின்ற நிலையை நினைத்தால் இப்போதும் கை குளிரும்.

அதனால் இந்த முறை சட்டம் என்னுடையது. என் போனில் நான் கேட்பேன். முடிவை மட்டும் ஆறுதலாகச் சொல்வேன். அதுவரை இவர் கறிக்குப் போஞ்சிக்காய் வெட்ட வேண்டும்.

"ஓம் செல்வமலர்," என்றார். அவ்வளவுதான், சண்டை இல்லை.

நல்ல பிள்ளையாகக் காதுக் கருவிகளையும் காலையிலேயே மாட்டியிருந்தார். ஆஸ்பத்திரியில் புதிதாகக் கொடுத்தவை. மற்ற நாட்களில் நான் தொண்டை கிழியக் கத்தினால்தான் அவை பெட்டியை விட்டு வெளியே வரும்.

இயர்போனைச் சொருகிக்கொண்டேன். இவருடைய கல்லூரி துடுப்பெடுத்தாடிக்கொண்டிருந்தது. கையில் இருப்பது மூன்றே விக்கெட்.

போஞ்சி வெட்டிய கத்தி நின்றது. ஏன் என்று நிமிர்ந்தேன். அப்போதுதான் என் காதில் வர்ணனையாளர் அலறினார். அவுட்.

தற்செயல் என்று விட்டுவிட்டேன்.

பிறகு இவர் உதட்டுக்குள் சிரித்தார். சிரித்து முடிந்த பிறகு என் காதில் பந்து எல்லைக்கோட்டைத் தாண்டியது.

என் முகத்தைப் பார்த்துக் கண்டுபிடிக்கிறாரோ? எனக்கே தெரியாததை என் முகம் எப்படிச் சொல்லும்?

இருந்தாலும் சுவர்ப் பக்கம் திரும்பி நின்றேன். கத்திச் சத்தத்தை மட்டும் கவனித்தேன். டக், டக், டக். நின்றது. கொஞ்சம் பொறுத்து என் காதில் அடுத்த விக்கெட்.

கடவுளே, இந்த மனுசனுக்குச் சாமி கீமி வந்துவிட்டதா!

இவருடைய போனைப் பார்த்தேன். கவிழ்த்தபடியே சத்தமில்லாமல் கிடந்தது. இவரை முன் ஹோலில் போய் இருக்கச் சொன்னேன்.

"இல்லை, உமக்கு உதவியா இஞ்சயே இருக்கிறன்," என்றார். கலியாணம் கட்டிய நாளிலிருந்து நான் கேட்டிராத சொல்.

கடைசிச் சோடி. வெல்ல நாலு ஓட்டம் வேண்டும்.

விமான நிலையத்துக்குப் பக்கத்தில், ஹவுன்ஸ்லோவில் எங்கள் வீடு. கூரைக்கு மேலால் விமானம் தாழ்ந்து போனால், யாராயிருந்தாலும் பேச்சை நிறுத்திக் காத்திருக்க வேண்டும். அந்த நேரம் பார்த்து ஒன்று இரைந்துகொண்டு வந்தது. என் காதில் ஒரு சொல்லும் விழவில்லை. நான் இவரையே பார்த்துக்கொண்டு நின்றேன்.

கத்தியைக் கீழே வைத்தார். கண்ணை மூடினார். வலது கை மெல்ல நெஞ்சுக்குப் போனது.

எனக்கு உயிர் போய் வந்தது.

பிறகு அந்தக் கையை எடுத்தார். சட்டையில் ஒட்டியிருந்த போஞ்சித் துண்டைத் தட்டிவிட்டு மறுபடியும் வெட்டத் தொடங்கினார்.

விமானம் போய்விட்டது. என் காதில் இப்போதுதான் அந்தப் பந்து வந்தது. கடைசிப் பையன் போல்ட். தோல்வி. போன வருஷம் மாதிரியே கடைசி விக்கெட்டில்.

இயர்போனைக் கழற்றினேன். 

"உங்கட ஆக்கள் வெண்டிட்டினம்," என்றேன்.

என்னை நிமிர்ந்து பார்த்தார். "உண்மையோ! எப்பிடி?"

"சிக்ஸர். கடைசிப் பெடியன் அடிச்சவன்."

"எந்தப் பக்கம்?"

எனக்கென்ன தெரியும்? "றோட்டுப் பக்கம்," என்றேன்.

"றோட்டுக்கே அடிச்சிட்டானோ! கெட்டிக்காரன்!" என்று இரண்டு கையையும் தட்டினார். கண் கலங்கியிருந்தது. சந்தோஷம் தாங்கவில்லை என்று நினைத்தேன்.

சோறு இரண்டாம் தரமும் போட்டுச் சாப்பிட்டார். "உம்மட கொமென்ட்ரி நல்லாயிருக்கு. வாற வருஷமும் நீரே கேட்டுச் சொல்லும்," என்றார். எனக்கு வெட்கமாகவும் இருந்தது, பெருமையாகவும் இருந்தது. பொய்தான். ஆனால் மனுசன் முழுசாக என் முன்னால் இருக்கிறாரே.

சாப்பிட்டதும் காதுக் கருவிகளைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டுப் போய்ச் சோபாவில் சாய்ந்தார். உடனே குறட்டை.

பெட்டிக்குள் போடலாம் என்று கருவிகளை எடுத்தேன். உள்ளங்கைக்குள் ஏதோ முணுமுணுத்தது. காதருகில் பிடித்தேன்.

சின்னஞ்சிறு குரல் ஒன்று, எதிர்க் கல்லூரித் தலைவனைக் கோப்பை வாங்க மேடைக்கு அழைத்துக்கொண்டிருந்தது.

கவிழ்த்து வைத்த போனைத் திருப்பினேன். காலையிலிருந்தே வர்ணனை ஓடிக்கொண்டிருந்திருக்கிறது, சத்தம் முழுவதும் புளூடூத்தில் இவருடைய காதுக்குள். என்னுடையதை விடக் கொஞ்சம் முந்தி.

கள்ளன்! எழுப்பி நாலு கேள்வி கேட்கத்தான் சோபாவடிக்குப் போனேன்.

நெஞ்சு சீராக ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. அதன் மேல் வலது கை கிடந்தது.

தோல்வியைக் கேட்டு நெஞ்சுக்குப் போன கை. அதற்குப் பிறகு என்னுடைய சிக்ஸருக்குத் தட்டியதும் அதே கைதான்.

நான் எழுப்பவில்லை.