நடுவருக்குத் தெரியாத உண்மை

கவரிங் நகையை அடகு பிடித்தார் என்று, நகை மதிப்பீட்டாளர் இருதயராஜைக் கூட்டுறவு வங்கிச் செயலாளர் தமயந்தி வேலையை விட்டு நீக்கியிருந்தார். அவர் முறையிட்டதும், நடுவராக யார் வேண்டும் என்று வங்கி கேட்டபோது, தமயந்தியின் மனத்தை அன்றாடம் பிரதியெடுத்து வைத்திருந்த வங்கிக் கணினியே போதும் என்றார் இருதயராஜ். "மேடம் மனசு பொய் சொல்லாதுங்க."

அவரைத் திரும்பச் சேர்க்கும்படி கணினி தீர்ப்பளித்தது. வங்கித் தலைவர் கொதித்துப்போய், தீர்ப்பை எதிர்த்து மனுப் போடச் சொன்னார்.

"நடுவருக்கு உண்மை தெரியாதுன்னு எழுதிடலாமா மேடம்?" என்று கேட்டார் வங்கியின் வக்கீல்.

அந்த நகை தலைவரின் மைத்துனர் கொண்டுவந்தது. கவரிங் என்று தெரிந்தும் வாங்கிக்கொள்ளச் சொன்னதே தமயந்திதான்.

"எழுதுங்க" என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டார்.

மனு பதிவானதும் அவருடைய போன் ஒலித்தது. அவருடைய குரலிலேயே நடுவர் கேட்டது: "அப்போ உனக்கும் தெரியாதா, தமயந்தி?"